மணல்திட்டுக்கு அப்பால்

கடல் வரைபட அலுவலகம்
மார்ச் 6

துறைமுக மேற்பார்வையாளர் அவர்களுக்கு,
கடைத்தீவு.

ஐயா,

மாலுமிகளுக்கான கரையோர வழிகாட்டி நூலின் புதிய பதிப்பு இந்த ஆண்டு அச்சேற உள்ளது. தற்போதைய பதிப்பில் தங்கள் தீவைப் பற்றி, "கிழக்கு விரிகுடா எல்லாக் காற்றிலும் நங்கூரமிட ஏற்றது, வாயிலில் ஆழம் போதுமானது" என்று உள்ளது. சென்ற மழைக்காலத்தில் இந்த வரியை நம்பி உள்ளே நுழைந்த சரக்குப் படகு ஒன்று வாயிலிலேயே தரைதட்டியதாக அறிகிறோம். எனவே வாயிலின் இப்போதைய ஆழம், மணல்திட்டின் போக்கு, நீரோட்டத்தின் திசை ஆகியவற்றை நேரில் அளந்து தெரிவிக்குமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறீர்கள்.

இப்படிக்கு,
பதிப்பாசிரியர், கரையோர வழிகாட்டிப் பிரிவு


கடைத்தீவு
மார்ச் 27

பதிப்பாசிரியர் அம்மையாருக்கு,

ஐயா என்று கூப்பிட்டதற்கு நன்றி. கீழே பெயர் இல்லை, பதவி மட்டும் இருக்கிறது. ஆனால் தட்டச்சில் விழாமல் போன ஓர் எழுத்தைப் பேனாவால் போட்டிருக்கிறாய். 'ழ'வுக்கு இவ்வளவு நீளமாக வால் இழுக்கிற ஆள் எனக்குத் தெரிந்து ஒருத்திதான். அந்த வாலுக்காகப் பள்ளிக்கூடத்தில் உனக்கு இம்போசிஷன் கொடுத்தார்கள். பாதியை நான்தான் எழுதிக் கொடுத்தேன்.

இங்கே மேற்பார்வையாளன் யார் என்று உனக்குத் தெரியாமல் இருக்காது. சரி, போகட்டும்.

படகு தரைதட்டியது உண்மை. நானும் இங்குள்ள மீனவர்களும் கயிறு கட்டி ஆட்களை ஒவ்வொருவராக இழுத்தோம். படகின் சமையல்காரரைக் கடைசியாகத்தான் எடுக்க முடிந்தது. என் அடுப்படியில் கம்பளியோடு உட்கார வைத்தேன். சாயங்காலம்வரை அடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "புஸ்தகத்துல போட்டிருந்துதே சார்" என்றார். அவ்வளவுதான்.

நம் கடலில் மணலுக்குக் கால் உண்டு. மேற்குக் கரையில் ஆறுகள் கொட்டுகிற மணலை நீரோட்டம் தெற்கே தள்ளிக்கொண்டு வருகிறது. முதல் தீவின் அடிவாரத்தில் கொஞ்சம் விடுகிறது, நடுத்தீவில் கொஞ்சம் விடுகிறது. மிச்சம் எல்லாம் எங்களுக்கு. எங்களுக்கு அப்புறம் தீவு கிடையாது, கிழக்குக் கரையின் செங்குத்துப் பாறைதான். அதனால் மணல் எங்கள் தென்முனையைச் சுற்றி வந்து விரிகுடா வாசலில் உட்கார்ந்துவிடுகிறது. வேண்டாத விருந்தாளி மாதிரி, எழுந்திருக்கிற எண்ணமே இல்லை. காற்று அடங்கியதும் ஆழத்தை அளந்து எழுதுகிறேன்.

அம்மாவுக்குக் கால் வீக்கம் எப்படி இருக்கிறது?

துறைமுக மேற்பார்வையாளர்


நகரம்
ஏப்ரல் 15

அண்ணா,

இது அலுவலகக் கடிதம் இல்லை. என் வீட்டு முகவரி பின்னால் இருக்கிறது.

ஏழு வருஷம் கழித்து அம்மாவின் கால் ஞாபகம் வந்ததா? வீக்கம் வடிந்துவிட்டது. இப்போது மூட்டு. நாங்கள் இருப்பது நாலாவது மாடி. மின்தூக்கி ரிப்பேர். அவள் தெருவில் கால் வைத்தே வருஷக்கணக்காகிறது. ஜன்னல் ஓரம் நாற்காலி போட்டிருக்கிறேன். எதிரே பக்கத்துக் கட்டடத்தின் தண்ணீர்த் தொட்டி தெரியும். அது நிரம்பி வழிந்தால் எனக்கு அலுவலகத்துக்கு ஃபோன் செய்து சொல்லுவாள். அதுதான் அவளுக்கு அன்றைய செய்தி.

நீ போன சாயங்காலத்தை நான் மறக்கவில்லை. பெண் வீட்டார் கூடத்தில் உட்கார்ந்திருந்தார்கள். நீ வீட்டு உடையோடு செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே நடந்தாய். "கடைக்குப் போயிருக்கான், இதோ வந்துடுவான்" என்று அம்மா அவர்களுக்கு இரண்டாம் தடவை தேநீர் ஊற்றினாள். மூன்றாம் தடவை ஊற்றும்போது அவர்களே எழுந்துவிட்டார்கள். அண்ணி இறந்துபோய் ஒரு வருஷம்கூட ஆகவில்லை, இப்போது வேண்டாம் என்று நான் அம்மாவிடம் தலைப்பாடாய் அடித்துக்கொண்டேன். அதை உன்னிடம் சொல்லத்தான் அடுக்களையிலிருந்து ஓடி வந்தேன். நீ தெருமுனை திரும்பிவிட்டாய்.

உனக்குப் பெண் பார்த்த பரபரப்பில் எனக்கு மாப்பிள்ளை பார்க்க அம்மா மறந்தே போனாள். இனிமேல் பார்ப்பதானால் தலைச்சாயம்தான் பார்க்க வேண்டும்.

வேலை விஷயம் ஒன்று. உன் அளவு மோசமாக இருந்தால் படகு நிறுவனம் கடைத்தீவைத் தன் பயண அட்டவணையிலிருந்து எடுத்துவிடும். உன் பதவியும் போகும். நீ எழுதுவதைத்தான் நான் அச்சில் போடுவேன். யோசித்து எழுது.

தங்கை


கடைத்தீவு
மே 12

பாப்பா,

நரைத்த தலையைப் பாப்பா என்று கூப்பிடுகிறேனே என்று சிரிக்காதே, வேறு பெயர் எனக்கு வாயில் வருவதில்லை.

அளந்துவிட்டேன். நீர் வற்றும்போது வாசலில் ஒரு ஆள் இடுப்பளவுத் தண்ணீரில் நிற்கலாம். நின்றும் பார்த்தேன். நிறைநீரில் சிறிய மீன்பிடிப் படகு தாண்டும், அதுவும் காற்று தெற்கிலிருந்து வந்தால். வடக்குக் காற்று தொடங்கிவிட்டால் எதுவும் தாண்டாது. கடலின் வடக்கு வாய் வழியாக நுழைகிற அலை நேராக வந்து அந்தத் திட்டின்மேல் உடைகிறது.

நான் அளக்கும்போது துடுப்புப் போட்டவர் எங்கள் மீனவர்களில் ஒருவர். மொட்டை என்று கூப்பிடுவோம். தலையில் அடர்த்தியாக முடி உண்டு, பெயர் எப்படி வந்ததென்று அவருக்கே தெரியாது. "கொஞ்சம் கூட்டி எழுதுங்க சார். கடல் வந்து சாட்சி சொல்லவா போகுது?" என்றார். அவருடைய பெண்டாட்டிக்கு மருந்து அந்த நிறுவனத்துப் படகில்தான் வருகிறது. அவர் கேட்டது தப்பில்லை. நானும் பேனாவை வைத்துக்கொண்டு நெடுநேரம் உட்கார்ந்திருந்தேன். அந்தச் சமையல்காரர் என் அடுப்படியில் உட்கார்ந்திருந்தது கண்ணை விட்டுப் போகவில்லை.

உள்ளதை உள்ளபடி தனித்தாளில் எழுதியிருக்கிறேன். போட்டுவிடு.

அண்ணன்


நகரம்
ஜூன் 20

அண்ணா,

போட்டுவிட்டேன். "கிழக்கு விரிகுடாவின் வாயில் மணலால் அடைபட்டுள்ளது. கப்பல்களும் படகுகளும் நுழைய முயலக் கூடாது." அந்தப் பத்தி இரண்டு வரிதான். ஆனால் படகு நிறுவனம் அச்சுக்கு முந்தைய படியிலேயே அதைப் படித்த வேகம் இருக்கிறதே! அக்டோபரோடு சேவை நிற்கிறது. மேற்பார்வையாளர் பதவி ரத்து. வானொலித் தொடர்புக் கருவி அலுவலகச் சொத்தாம், கடைசிப் படகில் கழற்றி எடுத்து வர வேண்டுமாம். அதை மட்டுமாவது விட்டுவைக்கும்படி எழுதிக் கேட்டேன். பதவியே இல்லாத இடத்தில் கருவி எதற்கு என்று பதில் வந்தது.

இனி கேள். உன் கடிதங்களை நான் அலமாரியில் துணிகளுக்கு அடியில் வைத்திருந்தேன். அம்மா எடுத்துப் படித்துவிட்டாள், பூதக்கண்ணாடி வைத்து. "அவன் எழுத்து குண்டாயிடுச்சு. நல்லாத்தான் சாப்பிடறான்" என்றாள். மறுநாள், "நான் அங்க போகணும்" என்றாள். மாடிப்படியே இறங்க முடியாதவள் கடலைத் தாண்டப் போகிறாளாம்! முடியாது என்றேன். முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு படுத்தாள். அப்புறம் அந்த முதுகுதான் என்னோடு பேசியது.

தோற்றுவிட்டேன். வீடு மாற்றிக் கொடுக்கிற ஆட்கள் நாற்காலியோடு அவளைக் கீழே தூக்கிப் போக ஒப்புக்கொண்டார்கள். ஜூலைப் படகில் ஏற்றுகிறேன். கேப்டன் தன் அறையையே தருவதாகச் சொல்லியிருக்கிறார். நூல் அச்சுக்குப் போகிறது, எனக்கு விடுமுறை இல்லை என்று எழுதலாம். அது பாதிதான் உண்மை. உன் முகத்தை நேருக்கு நேர் பார்க்க எனக்கு இன்னும் மனசு வரவில்லை.

அக்டோபர்ப் படகில் அம்மாவைத் திருப்பி அனுப்பிவிடு.

தங்கை


கடைத்தீவு
ஜூலை 30

பாப்பா,

வந்து சேர்ந்துவிட்டாள். படகு மணல்திட்டுக்கு வெளியே நின்றது. மொட்டையின் சிறு படகில் இறக்கி, கரை நெருங்கியதும் நாங்கள் நாலு பேர் நாற்காலியைத் தோளில் வைத்து அலைக்குள் நடந்து வந்தோம். பல்லக்கில் வருகிற மகாராணி மாதிரி ஒரு கையால் முந்தானையையும் மறு கையால் என் காதையும் பிடித்துக்கொண்டிருந்தாள். கரையில் இறக்கியதும் என்னை மேலும் கீழும் பார்த்தாள். ஏழு வருஷத்துக்கு அப்புறம் முதல் பேச்சு இதுதான்: "என்னடா இது, தலையில ஒண்ணையும் காணோம்?"

அதற்கப்புறம்தான் அழுதாள். நானும்தான்.

இங்கே படி இல்லை. வாசலைத் தாண்டினால் மணல், மணலைத் தாண்டினால் தண்ணீர். கோலை ஊன்றிக்கொண்டு தானே நடக்கிறாள். காலையில் வாசலில் உட்கார்ந்து கேள்வி கேட்க ஆரம்பித்தால் ஓய்வதில்லை. அந்தப் பக்கம் என்ன, இந்தப் பக்கம் என்ன, நம் வீடு எந்தத் திசை? மேற்கே தணிந்த மணல்கரை, அங்கேதான் நகரம் என்று காட்டினேன். தண்ணீரைத் தவிர ஒன்றும் தெரியாது. ஆனாலும் நாற்காலியை அந்தப் பக்கமாகத் திருப்பிப் போடச் சொல்லிவிட்டாள்.

நம் கடலை ஒரு கிண்ணம் என்று நினைத்துக்கொள் என்று அவளுக்குச் சொன்னேன். கிழக்கு விளிம்பு பாறை, மேற்கு விளிம்பு மணல், வடக்கே மட்டும் ஒரு விரிசல், அதன் வழியாகத்தான் பெருங்கடல் உள்ளே வருகிறது. "அப்ப தெற்கே?" என்றாள். தெற்கே மூடியிருக்கிறது, உள்ளே வந்தது சுற்றித்தான் திரும்ப வேண்டும் என்றேன். "நம்ம குடும்பம் மாதிரி" என்றாள். என்ன அர்த்தத்தில் சொன்னாள் என்று கேட்கவில்லை.

அண்ணன்


நகரம்
செப்டம்பர் 10

அண்ணா,

மருந்து அனுப்பியிருக்கிறேன். வெள்ளை மாத்திரை காலையில், மஞ்சள் இரவில். மாற்றிக் கொடுத்துவிடாதே.

இரண்டு கடிதம் எழுதினாய். அம்மா நடந்தாள், சிரித்தாள், மீனவப் பெண்களோடு சண்டை போட்டாள் என்று எல்லாம் எழுதினாய். என்னைப் பற்றிக் கேட்டாளா என்று ஒரு வரி இல்லை.

வீட்டுக்கு வந்து கதவைத் திறந்தால் காலையில் நான் விட்டுப் போன காற்று அப்படியே நிற்கிறது. இத்தனை வருஷமும் இவளை வைத்துக்கொண்டு ஒரு இடம் போக முடியவில்லையே என்று மனசுக்குள் முணுமுணுத்தவள்தான் நான். இப்போது எங்கே வேண்டுமானாலும் போகலாம். அலுவலகம் விட்டதும் கால் தன்னால் வீட்டுக்குத்தான் வருகிறது. நேற்று எதிர்த்தொட்டி நிரம்பி வழிந்தது. யாரிடம் சொல்வது என்று தெரியவில்லை.

உட்காரவைத்துப் பார்த்தவள் நான். எழுந்து நடப்பது உன்னிடம். பொறாமைதான். எழுதிவிட்டேன், கிழிக்கப் போவதில்லை.

அக்டோபரில் அனுப்பிவிடு. நீயும் வந்துவிடு. இங்கே இடம் இருக்கிறது.

தங்கை


கடைத்தீவு
அக்டோபர் 18

பாப்பா,

இந்தக் கடிதத்தைக் கொண்டுவருகிற படகில் அம்மா இல்லை. துறைமுகத்தில் வந்து காத்திருப்பாய் என்று தெரியும். அதை நினைத்தால்தான் எனக்கு எழுத ஓடவில்லை.

பெட்டி கட்டி, கரையில் மொட்டையின் படகுவரை கொண்டுபோய்விட்டேன். ஏறமாட்டேன் என்று மணலில் உட்கார்ந்துகொண்டாள். கத்தினேன். ஆமாம், அம்மாவிடம் கத்தினேன். அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"நான் அங்க இருந்தா அவ நகரமாட்டாடா. என் மூட்டுவலிய சாக்கா வச்சுக்கிட்டு வீட்டுக்குள்ளயே உட்கார்ந்துட்டா. நான் அவளுக்குக் காவல், அவ எனக்குக் காவல். ஒருத்தராவது வெளிய வர வேண்டாமா? அவளை நினைக்காம ஒரு வேளை சோறு இறங்கல எனக்கு. அதையும் எழுது."

இது நிஜமா, இங்கேயே தங்குவதற்கு அவள் கண்டுபிடித்த சாக்கா, எனக்குத் தெரியவில்லை. இரண்டும் இருக்கலாம்.

வேலை போய்விட்டது. நான் போகவில்லை. அவளை விட்டுவிட்டு எப்படி வருவது? மொட்டையோடு வலைக்குப் போகிறேன். வானொலிக் கருவியை இன்று கழற்றிவிட்டார்கள். இனி காற்று திரும்பும்வரை நடுத்தீவுக்குக்கூட ஆள் போக முடியாது. நீ எழுதினால் நடுத்தீவு அஞ்சலகத்துக்குப் போடு. காற்று அடங்கியதும் முதல் மீன்பிடிப் படகு எடுத்துவரும்.

திட்டியாவது எழுது.

அண்ணன்


நகரம்
ஜனவரி 14

அம்மாவுக்கும் அண்ணாவுக்கும்,

இது உங்கள் கைக்கு எப்போது வருமோ. நடுத்தீவு அஞ்சலகத்துப் பெட்டியில் கிடக்கட்டும்.

அன்று எல்லாரும் இறங்கி முடிந்து, படகைக் கழுவுகிறவர்கள் வரும்வரை நின்றேன். வந்த கோபத்தில் மூன்று மாதம் எழுதவில்லை. அம்மா, நீ நினைத்தது நடந்துவிட்டது என்று குதிக்காதே. போன ஞாயிற்றுக்கிழமை வெளியே போனேன். முதல் தீவுக்கு.

இத்தனை காலம் இந்தக் கடலைப் பற்றி எழுதுகிறேன், அலைதடுப்புச் சுவரைத் தாண்டியதில்லை. என் மேசையில் வரைபடத்தை விரித்தால் மொத்தக் கடலையும் இரண்டு உள்ளங்கையால் மூடிவிடலாம். அதில் முதல் தீவு கரைக்குப் பக்கம், ஒரு விரல்கூட இல்லை. போய்ச் சேர்வதற்குள் உயிர் போய்விட்டது. கம்பியைப் பிடித்துக்கொண்டு வாந்தி எடுத்தேன். பக்கத்தில் இருந்தவர், "முதல் தடவையாம்மா?" என்று கேட்டார். நான் என்ன வேலை செய்கிறேன் என்று சொல்லவில்லை.

"வடமுனையில் தனித்த வெள்ளைக் கட்டடம், தொலைவிலிருந்தே தெரியும்" என்று எங்கள் நூலில் இருக்கிறது. பதிப்புக்குப் பதிப்பு நானே திருத்தி அச்சுக்குக் கொடுத்த வரி. கிட்டே போனால் அது ஒரு வீடு. ஒரு பெண் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். படகைப் பார்த்துக் கையை ஆட்டினாள். எனக்குப் பதிலுக்குக் கை ஆட்டத் தோன்றவில்லை. படகு திரும்பியபிறகுதான் ஆட்டினேன், அவள் உள்ளே போய்விட்டாள்.

அம்மா, மணலில் நடக்க உனக்குத் துணிச்செருப்பு வாங்கி இதோடு அனுப்பியிருக்கிறேன். ஒரு அளவு பெரியதாகவே வாங்கினேன். சரியாக இருக்கிறதா என்று அண்ணனை எழுதச் சொல். தனியாகச் சாப்பிடுவது பழகிவிட்டது. உப்பு போதவில்லை என்று சொல்ல ஆள் இல்லாததுதான் பழகவில்லை.

மகள்


கடைத்தீவு
மார்ச் 25

பாப்பா,

உட்கார்ந்துகொண்டு படி. பக்கத்து வீட்டில் யாராவது இருந்தால் கூப்பிட்டு வைத்துக்கொள்.

அம்மா பிப்ரவரி மாதத் தொடக்கத்தில் போய்விட்டாள். அதைச் சொல்ல இன்றுவரை எனக்கு வழி இல்லை.

காலையில் மார்பு அடைக்கிறது என்றாள். முகம் வேர்த்துவிட்டது. நடுத்தீவில் மருத்துவர் இருக்கிறார், எப்படியாவது கொண்டுபோய்விடலாம் என்று மொட்டையைக் கூப்பிட்டேன். அவர் கடலைப் பார்த்தார், என் முகத்தைப் பார்த்தார், படகைத் தள்ளினார். அவர் பெண்டாட்டி அம்மாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டாள். நிறைநீர் வரும்வரை காத்திருந்து புறப்பட்டோம். திட்டின்மேல் அலை வெள்ளையாக நின்றது. முதல் தடவை படகு பாதி நிறைந்துவிட்டது. பின்வாங்கி, தண்ணீரை இறைத்துவிட்டு மறுபடியும் போனோம். மறுபடியும் அதே கதி. மூன்றாவது தடவைக்கு நான் துடுப்பை எடுத்தபோது அம்மா கண்ணைத் திறந்தாள். "போதும்டா. வீட்டுக்குத் திருப்பு. நனைஞ்சுட்டேன்" என்றாள்.

திருப்பினேன்.

ஈரத்தைத் துடைத்து, வேறு புடவை மாற்றிப் படுக்கவைத்தார்கள். மறுநாள் மதியம்வரை இருந்தாள். பேச்சு வந்துபோயிற்று. "அவ வெளிய போனாளா?" என்று கேட்டாள். எனக்கு எப்படித் தெரியும்? போனாளாம், கடிதம் வந்தது என்று சொன்னேன். பொய்தான். "எங்க?" என்றாள். வாயில் வந்ததைச் சொன்னேன், முதல் தீவுக்கு என்று. "வாந்தி எடுத்திருப்பா" என்றாள்.

மேட்டில், அலை எட்டாத இடத்தில் அடக்கம் செய்தோம். தீவு முழுக்க வந்தது. எல்லாருக்கும் அவள் 'சார் அம்மா'. நல்லவர்கள், மாற்றி மாற்றி வந்து உட்கார்ந்தார்கள். ஆனால் அவர்களுக்குத் தெரிந்தது ஆறு மாதத்து அம்மா.

உன் கடிதத்தையும் பார்சலையும் முந்தாநாள் முதல் படகு கொண்டுவந்தது. நீ முதல் தீவுக்குப் போனதைப் படித்தேன். வாந்தி எடுத்ததைப் படித்தேன். அதற்குமேல் படிக்க முடியாமல் எழுந்து வெளியே போய்விட்டேன்.

அந்த இரண்டு வரியை நினைத்து நீ உன்னையே தின்றுகொண்டிருப்பாய் என்று எனக்குத் தெரியும். வேண்டாம். அளந்தவன் நான். திட்டு அங்கே இருந்தது. நீ எழுதாமல் விட்டிருந்தாலும் அன்றைக்கு அந்த அலையில் எந்தப் படகும் உள்ளே வந்திருக்காது. இதை எனக்கு நானே தினமும் சொல்லிக்கொள்கிறேன். சில நாள் கேட்கிறது.

அண்ணன்


நகரம்
ஏப்ரல் 9

அண்ணா,

உன் கடிதம் வந்தபோது சோறு வடித்துக்கொண்டிருந்தேன். அடுப்பை அணைத்துவிட்டுத்தான் பிரித்தேன். பிறகு எவ்வளவு நேரம் தரையிலேயே இருந்தேன் என்று தெரியவில்லை.

பிப்ரவரி முழுக்க நான் என்ன செய்தேன் என்று யோசித்து யோசித்துப் பார்க்கிறேன். அலுவலகம் போனேன். சம்பள நாளன்று ஒரு படம் பார்த்தேன். படத்தில் சிரித்தேன். அவள் இருக்கிறாள் என்ற நினைப்பிலேயே மார்ச்சில் அவளுக்கு ஒரு போர்வையும் வாங்கினேன். நீ அங்கே ஒருத்தனாக அதைச் சுமந்துகொண்டிருந்தாய். நம் இரண்டு பேருக்கும் நடுவில் இருந்தது நான் மேசையில் கையால் மூடுகிற தண்ணீர்தான்.

கோபம் இருக்கிறது. உன்மேலா, அவள்மேலா, காற்றின்மேலா என்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. அந்த இரண்டு வரியைப் பற்றி நீ எழுதியதை நான் நம்புகிறேனா என்று கேட்காதே. வானொலிக் கருவியை எடுத்துவரச் சொன்னவரின் அறைக்குப் போனேன். அந்தத் தீவில் ஒருத்தர் இறந்துபோனார், வீட்டுக்குச் சொல்ல வழி இல்லாமல் இருந்தது என்றேன். யார் என்று கேட்டார். சொன்னேன். அவர் எழுந்து நின்றுவிட்டார். கருவி திரும்ப வருகிறது. மொட்டை வீட்டுக்கு உதவும்.

பக்கத்து வீட்டார் வருகிறார்கள். வயதானவர்தானே, கஷ்டப்படாமல் போனாரே என்று ஆறுதல் சொல்கிறார்கள். தலையை ஆட்டுகிறேன். அவர்களுக்கு ஜன்னல் ஓரத்து அம்மாவைத்தான் தெரியும். அவள் எப்படித் திட்டுவாள், திட்டிவிட்டு எப்படித் தட்டில் இன்னொரு கரண்டி போடுவாள் என்று தெரிந்த ஆள் என்னைத் தவிர இந்த உலகத்தில் நீ ஒருத்தன்தான். அந்த ஆள் பக்கத்தில் உட்கார்ந்து அழ வேண்டும். வேறு எங்கேயும் எனக்கு அழுகை வரமாட்டேன் என்கிறது.

நீண்ட விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டேன். வெள்ளிக்கிழமைப் படகில் நடுத்தீவு வருகிறேன். அதற்கப்பால் படகு இல்லை. மொட்டையை அழைத்துக்கொண்டு நீ வா. காற்று சரியில்லை என்றால் அவசரப்படாதே, அடங்கியபிறகு வா. படகுத்துறைக்குப் பக்கத்தில் எங்கேயாவது தங்கிக்கொள்வேன். நீ வருகிறவரைக்கும் இருப்பேன்.

பாப்பா